பாடமும் பயணமும்
பிரெஞ்சுச் சிறுவர் இலக்கியத்தில் அறிவூட்டும் சாகசக் கதைகள் பற்றிய ஒரு நோக்கு

சிறுவர் இலக்கியம் என்றதும் அதனை ஓய்வு நேரத்துக்குரிய ஒன்றாகக் கொண்டு அப்பாற் செல்வது எமது திறனாய்வாளரிடையே நெடுங்காலமாக நிலவிவரும் வழக்கம். வளர்ந்தோருக்கான நாவல் எந்தச் சமூகத்தின் விளைபொருள் என்று வினவுவோர், சிறுவர் கைக்குப் போகும் நூலிடத்து அவ்வினாவை எழுப்புவதில்லை. உண்மையில் அவ்வினாவை முதலிற் கேட்கவேண்டிய இடம் அதுவே. ஒரு சமூகம் தன்னைப்பற்றி எதனை நம்ப விரும்புகின்றது என்பதைத் தன் பிள்ளைகளுக்குச் சொல்லும்போதுதான் அதிக ஒளிவுமறைவின்றிச் சொல்கின்றது. இவ்வகையில் ஆய்வுக்கு வளமான களமாக அமைவது பிரான்சில் 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிற் செழித்த அறிவூட்டும் சாகசக் கதையாகும்.

அதன் வேர் பழையது. 1699இல் வெளிவந்த பெனெலோனின் ‘தெலமாக்கு’, பதினான்காம் லூயி மன்னனின் பேரனுக்குக் கற்பிக்கும் பொருட்டு எழுதப்பட்டது. தந்தையைத் தேடிக் கடல் கடக்கும் இளவரசனுக்கு, ஆசான் வடிவில் வந்த ஞானத் தெய்வம் துறைமுகந்தோறும் அரசியல் போதிக்கின்றது. நல்லரசன் எத்தகையவன் என்று பேரனுக்குச் சொன்ன பாடம் பாட்டனுக்கு உறைத்தமையால், ஏற்கனவே அரசவையிலிருந்து விலக்கப்பட்டிருந்த நூலாசிரியருக்கு மீட்சியில்லாது போயிற்று. 1762இல் ரூசோ தமது ‘எமில்’ நூலில், தம் மாணவன் முதன்முதலிற் படிக்கவேண்டியது ‘றொபின்சன் குறூசோ’ என்றார். நூல்களை வெறுத்த அவர் இந்த ஒன்றை மட்டும் விதிவிலக்காக்கியமைக்குக் காரணம், தனித்தீவில் அறிவு என்பது தேவையிலிருந்து பிறக்கின்றது என்பதேயாம். ஆசானுடன் பயணம், தேவையாற் பிறக்கும் அறிவு என்னும் இவ்விரு வடிவங்களும் பின்வந்தோருக்கு முதலாக அமைந்தன.

ஆயினும், இளவரசனுக்கும் கற்பனை மாணவனுக்கும் உரியதாயிருந்ததை நடுத்தர வர்க்கக் குடும்பத்தின் வரவேற்பறைக்குக் கொண்டுவந்தவர் ஒரு பதிப்பாளரே. பியேர்-யூல் எற்செல் குடியரசுவாதி. 1851ஆம் ஆண்டு லூயி நெப்போலியன் நடத்திய அதிகாரக் கவிழ்ப்பின் பின் பிரசெல்சுக்கு நாடுகடந்து வாழ்ந்து, 1859ஆம் ஆண்டுப் பொதுமன்னிப்பை அடுத்துப் பாரிசு திரும்பியவர். 1850ஆம் ஆண்டுச் சட்டம் பாடசாலைகளில் திருச்சபையின் கையை ஓங்கச் செய்திருந்தது. பாடசாலைக்குள் நுழைய வழியற்ற குடியரசுவாதிகளுக்கு, பாடசாலைக்கு வெளியே சிறுவனைச் சந்திக்க ஓர் இடம் தேவைப்பட்டது. 1864 மார்ச்சில் எற்செல், யோன் மாசேயுடன் சேர்ந்து தொடங்கிய ‘கல்வியும் பொழுதுபோக்கும்’ என்னும் சஞ்சிகை அவ்விடமாயிற்று. மாசே 1861இலேயே ஒரு கவளம் உணவு உடலுக்குள் செல்லும் வரலாற்றைச் சிறுமிக்கு எழுதும் கடிதங்களாக அமைத்துப் புகழ்பெற்றிருந்தார். 1866இல் கல்விக் கழகம் ஒன்றைத் தோற்றுவித்துக் கட்டாய இலவசக் கல்விக்காகப் போராடியவரும் அவரே. இச்சஞ்சிகையின் பெரும் தூணாக விளங்கியவர் யூல்ஸ் வேர்ண். அவரது கதைவரிசைக்கு 1866இல் முன்னுரை எழுதிய எற்செல், நவீன விஞ்ஞானம் திரட்டிய புவியியல், நிலவியல், பௌதிக, வானியல் அறிவு முழுவதையும் கவர்ச்சியான வடிவிற் சுருக்கித் தருவதே அதன் நோக்கம் என்று அறிவித்தார்.

சஞ்சிகையின் பெயரில் இரு சொற்களை இணைத்து நிற்கும் ‘உம்’ என்ற இடைச்சொல்லே எமது கவனத்துக்குரியது. அது உண்மையில் இணைக்கின்றதா, அல்லது இரண்டையும் அருகருகே நிறுத்திவிட்டுப் போகின்றதா?

பல இடங்களில் வெறுமனே நிறுத்திவிட்டுத்தான் போகின்றது என்பதை வேர்ணின் அன்பர்களும் மறுக்கமாட்டார்கள். ‘கடலடியில் இருபதினாயிரம் லீக்’ (1869-70) என்னும் நாவலிற் கப்பலின் கண்ணாடிக்கு வெளியே மீன்கூட்டம் தோன்றும்போதெல்லாம் கொன்செய் என்னும் பணியாளன் அவற்றை வகுப்பு, வரிசை, குடும்பம் எனப் பிரித்து ஒப்புவிக்கத் தொடங்கிவிடுவான். கதை நின்று பாடம் நடக்கும். பாடம் முடிய மீண்டும் கதை நடக்கும். இப்பக்கங்களைத் தாண்டிச் சென்ற சிறுவர் தொகை சிறிதாயிருக்க முடியாது. வேர்ணும் இதனை அறிந்தேயிருந்தார் போலும்: மீனின் குலமுறை முழுவதும் அறிந்த கொன்செய்க்கு மீனைக் கண்டால் இன்னதென்று தெரியாது, பெயரைச் சொல்பவன் ஈட்டி எறியும் மீனவனான நெட் லான்ட்.

இதற்கு மாறாக ‘மர்மத் தீவு’ (1874-75) பாடமே கதையாகிய படைப்பு. அமெரிக்க உள்நாட்டுப் போரின் இறுதியில் றிச்மன்ட் நகரிலிருந்து பலூனிலே தப்பிய ஐவர் ஆளற்ற தீவொன்றில் வெறுங்கையுடன் விழுகின்றனர். குறூசோவுக்காவது உடைந்த கப்பலிலிருந்து கருவிகள் கிடைத்தன; இவர்களுக்கு அதுவும் இல்லை. பொறியியலாளர் சைறஸ் ஸ்மித் இரு கடிகாரக் கண்ணாடிகளைச் சேர்த்து நடுவே நீர் நிரப்பி வில்லையாக்கித் தீ மூட்டுகின்றார். பின்னர் செங்கல், இரும்பு, நைத்திரோகிளிசரீன் என ஒவ்வொன்றும் முன்னையதிலிருந்து பிறக்கின்றது. ஹாபேட் என்னும் சிறுவனின் சட்டை உட்துணியில் ஒரேயொரு கோதுமை மணி அகப்படும் இடம் இந்நூலின் மிகச் சிறந்த பாடம் எனலாம். ஒரு மணி 800 தரும். அவை 640,000 தரும். மூன்றாம் அறுவடையில் 51 கோடியே 20 இலட்சம். நான்காவதில் 40,000 கோடிக்கு மேல். இங்கே பெருக்கற் கணக்கு பசியுடன் கட்டுண்டு கிடக்கின்றது. அந்த மணியை எலியோ பறவையோ தின்றுவிடுமோ என்று சிறுவன் அஞ்சும்போது எண்கணிதமே சாகசமாகிவிடுகின்றது. ரூசோ விரும்பியது இதுவே.

எனினும், இத்தீவின் அறிவுச் சமத்துவத்துக்கும் ஓர் எல்லையுண்டு. ஐவரில் ஒருவனான நெப், முன்னாள் அடிமை. விடுதலை பெற்ற பின்னும் எசமானைப் பிரிய மறுத்தவன். மற்றையோர் உலோகமுருக்கவும் வானளக்கவும் கற்கையில் இவன் சமைக்கின்றான். பின்னர் பிடித்துப் பழக்கப்படும் குரங்கொன்று அவனுக்கு அடுக்களை உதவியாளாகின்றது. அடிமை ஒழிப்புக்காகப் போராடிய தரப்பினரை வீரராகக் கொண்ட நாவல் இது என்பதை நினைக்கும்போது இந்த அடுக்களைக் காட்சி நகைப்புக்குரியதாயில்லை. 1888இல் வெளிவந்த ‘இரு வருட விடுமுறை’யிலும் இதே நிலைதான். தீவில் ஒதுங்கிய சிறுவர் வாக்களித்துத் தலைவனைத் தெரிவு செய்கின்றனர். குடியாட்சி பற்றிய நல்ல பாடம். கப்பற் பையன் மோக்கோ கறுப்பினத்தவனாதலின் அவனுக்கு வாக்கில்லை.

வேர்ண் உலகத்தைச் சுற்றிக் காட்டினார் என்றால், உள்நாட்டைச் சுற்றிக் காட்டியது 1877இல் வெளிவந்த ‘இரு சிறுவரின் பிரான்சுச் சுற்றுப்பயணம்’. ஜி. புறூனோ என்ற ஆண்பெயருக்குப் பின்னால் மறைந்திருந்தவர் ஒகுஸ்தின் பூயே என்னும் பெண்மணி. திருச்சபையால் எரிக்கப்பட்ட இத்தாலிய மெய்யியலாளனின் பெயரை அவர் தேர்ந்தமை தற்செயலாயிருக்க முடியாது. 1871இல் ஜேர்மனி பறித்துக்கொண்ட லொறேன் பகுதியின் பால்ஸ்பூர்க் நகரிலிருந்து, தந்தையை இழந்த அந்திரே (வயது 14), யூலியன் (வயது 7) என்னும் சகோதரர் எல்லை கடந்து பிரான்சுக்குள் நுழைகின்றனர். மார்செய் நகரில் இருப்பதாக நம்பும் சிறிய தந்தையைத் தேடிய பயணத்தில் யூரா மலையின் கூட்டுறவுப் பாற்கட்டித் தொழில், கிறூசோ நகரின் உலைகள், லியோன் நகரின் பட்டு எனத் தொழில்கள் யாவும் கண்முன் விரிகின்றன. இருநூறுக்கு மேற்பட்ட படங்களுடன் வாசிப்புப் பாடநூலாக அமைந்த இது 1887க்குள் 30 இலட்சம் பிரதிகளும், 1901க்குள் 60 இலட்சம் பிரதிகளும் பரவிற்று. அரசும் திருச்சபையும் பிரிக்கப்பட்டதை அடுத்து 1906இல் வந்த பதிப்பிற் கடவுள் பற்றிய குறிப்புகள் நீக்கப்பட்டன. சிறுவர் நூல் எத்துணை அரசியற் பொருள் என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுவதில்லை.

இந்நூலைத் தேசப்பற்றுப் பிரசாரம் என்று ஒரு சொல்லில் ஒதுக்கிவிடுவது எளிது, நியாயமாகாது. தோற்ற ஒரு நாட்டைப் பற்றிய நூலாயிருந்தும் பழிவாங்கும் வெறி அதில் இல்லை. பாரிசுக்கு ஒதுக்கப்பட்டவை சில பக்கங்களே. குயவனும் இடையனும் கொல்லனுமே அதன் பெருமக்கள். உழைப்பை இவ்வளவு மரியாதையுடன் பாடமாக்கிய நூல்கள் அக்காலத்தில் மிகச் சிலவே. ஆனால், அதே நூலில் மனித குலத்தை நான்கு இனங்களாகப் பிரித்து வெள்ளையினமே நிறைவுமிக்கது என்று கூறும் பகுதியும் உண்டு. அதனைப் படிக்கும் ஏழு வயதுச் சிறுவனுக்குப் பாற்கட்டியும் பட்டும் எவ்வளவு உண்மையோ அவ்வளவு உண்மையாக இதுவும் போய்ச்சேரும். பொருட்பாடத்தின் நம்பகத்தன்மையே இங்கு பொய்க்குப் பிணை நிற்கின்றது.

அப்பிணை எவ்வளவு தூரம் செல்லுபடியாயிற்று என்பதை 1916இல் வெளிவந்த ‘மூசாவும் ஜி-கிளாவும்’ காட்டும். சொனொலே, பெரே ஆகிய இருவர் பிரெஞ்சு மேற்காபிரிக்கப் பாடசாலைகளுக்கென எழுதிய இந்நூல், முன்னைய நூலின் அச்சில் வார்க்கப்பட்டது. இரு ஆபிரிக்கச் சிறுவர் தம் நாட்டைச் சுற்றிவருகின்றனர். ஆனால், அந்திரேயும் யூலியனும் தம் நாடு தமதே என்று அறிவதற்காகச் சுற்றினர்; மூசாவும் ஜி-கிளாவும் தம் நாடு இன்னொருவர் ஆட்சியில் எவ்வளவு நலம் பெற்றுள்ளது என்று அறிவதற்காகச் சுற்றினர். கதையமைப்பு ஒன்றாயிருக்கப் பாடம் தலைகீழாகின்றது.

இங்கு, ஹெக்டர் மலோவின் ‘குடும்பமற்றவன்’ (1878) பற்றி ஒரு வார்த்தை சொல்லியாகவேண்டும். அநாதையான றெமிக்கு எழுத்தறிவிப்பவர் தெருவில் வித்தை காட்டும் கிழவர் வித்தாலிஸ். மரத்துண்டுகளிற் செதுக்கிய எழுத்துகளை அவனும் கப்பி என்ற நாயும் சேர்ந்து கற்கின்றன. நாய் முந்திக்கொள்வதால் அவனுக்கு ரோசம் வருகின்றது. பின்னர் நிலக்கரி எப்படி உண்டாயிற்று என்பதை அவனுக்கு விளக்குபவன், சக தொழிலாளர் ‘வாத்தியார்’ என்று பரிகசிக்கும் ஒரு முதிய சுரங்கத் தொழிலாளி. வெள்ளம் புகுந்து அனைவரும் சுரங்கத்துள் அடைபட்டபோது அவர்களைக் காத்ததும் அவ்வறிவே. கற்பிப்பவன் உழைப்பவனாகவும் இருக்கும் இந்த ஒரு நாவலில் ‘உம்’ என்ற இடைச்சொல் தன் வேலையைச் செய்கின்றது.

கற்பிப்பவர் யார், கற்பவர் யார் என்ற இவ்வினாவை வேர்ண் அறியாதவரல்லர் என்பதற்கு ‘கப்பித்தன் கிறான்றின் பிள்ளைகள்’ (1865-67) சான்று. அவுஸ்திரேலியாவில் பயணிகள் தொலினே என்னும் எட்டு வயது ஆதிக்குடிச் சிறுவனைச் சந்திக்கின்றனர். அவன் மெல்பேர்ண் பாடசாலையிற் புவியியலில் முதற்பரிசு பெற்றவன். பிரெஞ்சுப் புவியியலாளரான பகனெல் ஆவலுடன் வினாக்கள் தொடுக்க, உலகம் முழுவதும் ஆங்கிலேயருக்குரியது என்று ஒப்புவிக்கின்றான். பிரான்சும் ஆங்கில மாகாணம். அதன் தலைநகர் கலே. சந்திரன் எஞ்சியிருக்கின்றதே என்ற நிலையில், அதுவும் ஒருநாள் ஆங்கிலேயருடையதாகும் என்று உறுதியாய்ச் சொல்கின்றான். பகனெல் விழுந்து விழுந்து சிரித்து, சரியான புவியியல் நூலொன்றை அவனுக்குப் பரிசளிக்கின்றார். விடிந்து பார்த்தால் சிறுவனைக் காணோம். தன் மக்களிடம் போய்விட்டான். பகனெல் தந்த நூல் அவரது சட்டைப்பைக்குள்ளேயே திரும்பிக் கிடக்கின்றது.

பிரெஞ்சு வாசகன் ஆங்கிலேயரைப் பார்த்துச் சிரிப்பதற்காக எழுதப்பட்ட காட்சி இது. ஆயினும், திருப்பி வைக்கப்பட்ட நூல் ஆங்கிலப் பாடத்தை மட்டும் மறுக்கவில்லை; திருத்திய பாடத்தையும் மறுக்கின்றது. வேர்ண் அதனைத் திட்டமிட்டு எழுதினாரா என்பது பெரிதன்று. சாகசக்கதையின் இயல்பு அது. பாத்திரத்துக்குக் கால் முளைத்துவிட்டால் ஆசிரியரின் பாடத்தை விட்டு அது நடக்கத் தொடங்கிவிடும்.

இனி எமக்கு மிக அண்மையிலுள்ள ஒரு காட்சிக்கு வருவோம். ‘கடலடியில் இருபதினாயிரம் லீக்’ நாவலின் இரண்டாம் பாகத் தொடக்கத்தில் நோட்டிலஸ் இலங்கையை அணுகுகின்றது. மன்னார் முத்துப்பார்களைப் பார்க்க வருமாறு தலைவர் நெமோ பேராசிரியர் ஆறோனக்சை அழைக்கின்றார். பேராசிரியர் உடனே கப்பல் நூலகத்துக்குச் சென்று, சேர் என்ற ஆங்கிலேயர் இலங்கையையும் சிங்களவரையும் பற்றி எழுதிய நூலை எடுத்துப் படிக்கின்றார். மன்னார்க் கடலை வேர்ண் கண்டதில்லை. அவரது பாத்திரமும் நூல்வழியாகவே அதனைக் காண்கின்றது. தொடர்வது வழக்கமான பாடம்: முத்து என்பது கவிஞனுக்கு என்ன, இரசாயனவியலாளனுக்கு என்ன, குளிப்பவர் கல்லைக் காலிடையே பற்றி இறங்கும் முறை யாது, அவர்களது பார்வை எவ்வாறு மங்குகின்றது, உடலிற் புண்கள் எவ்வாறு தோன்றுகின்றன. கூலி பற்றிய பேச்சும் வருகின்றது. ஆனால் சொல்லப்படும் கணக்கு பனாமாவினுடையது. அரசாங்கத்தின் ஏகபோகமாயிருந்த மன்னார்ச் சலாபத்திற் குளிப்போர் பெற்றது சிப்பியில் ஒரு பங்கு. வேர்ண் வேறொரு கடலின் கூலியை இங்கே இறக்கிவிட்டார். இதனைப் பெருங்குற்றமாகச் சொல்லவில்லை. ஆயினும் மீனின் குடும்பப் பெயரில் இத்தகைய கவனக்குறைவை அவர் அனுமதித்திருப்பாரா என்பது எண்ணத்தக்கது.

அதன்பின் பாடம் அறுகின்றது. சலாப காலம் தொடங்குமுன் தனியே வந்து சிப்பி பொறுக்கும் ஓர் ஏழை கடலடியில் இறங்குகின்றான். அவன்மீது சுறா பாய்கின்றது. நெமோ கத்தியுடன் அதன் எதிரே நிற்கின்றார். நெட் லான்டின் ஈட்டி சுறாவைக் கொல்கின்றது. மயங்கியவனை மேலே கொணர்ந்து உயிர்ப்பித்து, ஒரு பை முத்தை அவன் கையில் வைக்கின்றார் நெமோ. நடுங்கும் கையால் அவன் அதனை வாங்குகின்றான். மனிதகுலத்தை வெறுத்தவர் ஏன் ஒரு மனிதனைக் காத்தார் என்று பேராசிரியர் பின்னர் வினவ, அவன் ஒடுக்கப்பட்டோர் நாட்டைச் சேர்ந்தவன், தாமும் இறுதி மூச்சுவரை அந்நாட்டவரே என்று நெமோ உணர்ச்சியுடன் விடை கூறுகின்றார்.

நாவல் முழுவதிலும் இதற்கு நிகரான இடம் இல்லை. மீன்களின் பட்டியலுக்கு நடுவே, பாடப்பொருளாக இருந்த ஒருவன் திடீரென மனிதனாகின்றான். எனினும் அம்மனிதனுக்குப் பெயரில்லை. ஒரு சொல்லும் அவன் வாயிலிருந்து வருவதில்லை. அவனது கல், மூச்சு, நோய் யாவற்றையும் அறிந்த கதை அவன் மொழியை அறியவில்லை.

நெமோ யார் என்பது இந்நாவலிற் சொல்லப்படவில்லை. ருஷ்யருக்கு எதிராகக் கிளர்ந்த போலந்துப் பிரபுவாகவே வேர்ண் அவரை முதலில் எண்ணியிருந்தார். ருஷ்யாவில் நூல் விற்பனையாவதை எண்ணிய எற்செல் அதனை மறுக்கவே, பாத்திரம் நாடற்றதாயிற்று. ‘மர்மத் தீவு’ முடிவில்தான், பண்டெல்கண்ட் அரச குமாரர் டக்கார் என்றும், 1857ஆம் ஆண்டு எழுச்சியிற் பங்குகொண்டவர் என்றும் அறிகின்றோம். பத்து வயதில் ஐரோப்பாவுக்கு அனுப்பப்பட்டு முப்பது வயதுவரை அங்கு கற்றவர் அவர். எற்செலின் சஞ்சிகை கனவு கண்ட முழுமையான மாணவன் உண்மையில் இவரே: விஞ்ஞானம், கலை, மொழி யாவும் கைவந்தவர். அக்கல்வி முழுவதும் அதனை வழங்கிய உலகுக்கு எதிராகத் திரும்பியது. ஆனால், இந்த விடையும் பதிப்பாளரின் சந்தைக் கணக்குக்கு இசைந்ததே என்பதை மறத்தலாகாது. ஆங்கிலேயர் கொடுமையைப் பிரெஞ்சுச் சிறுவனுக்குச் சொல்வதில் எற்செலுக்கு இழப்பேதுமில்லை. அல்ஜீரியாவில் அதே காலத்தில் நடந்தவை பற்றி இத்தகையதொரு நெமோ பிறக்கவில்லை.

நோட்டிலசின் நூலகத்தில் 12,000 நூல்கள் இருந்தன என்று கூறும் வேர்ண், அவற்றுள் ஒரு வகை மட்டும் இடம்பெறவில்லை என்றும் குறிப்பிடுகின்றார்: அரசியற் பொருளாதாரம். நெமோ அதனை விலக்கியிருந்தார். முத்தின் இரசாயனம் அந்நூலகத்தில் உண்டு, சிப்பியின் விலங்கியல் உண்டு, மன்னாரின் புவியியல் உண்டு. குளிப்பவன் ஏன் ஏழை என்பதற்கு விடையளிக்கும் நூல் மட்டும் இல்லை. கடலடியில் அவனைக் கண்டபோது அறிவுமிக்க அம்மனிதருக்கு எஞ்சியிருந்த ஒரே வழி தருமமாயிற்று. அறிவூட்டும் சாகசக் கதை என்னும் வகை முழுவதற்குமே இதுவே எல்லை என்பது எமது கருத்து. இயற்கையின் இயக்கத்தை அது நேர்மையுடன் விளக்கிற்று. மனிதரிடையேயுள்ள உறவின் இயக்கத்துக்கு வந்ததும் பையைத் திறந்து முத்தைக் கொடுத்துவிட்டு அப்பாற் சென்றது.

இறக்கும் தறுவாயில் நெமோ தீவுக் குடியேறிகளுக்கு ஒரு பேழையை விட்டுச்செல்கின்றார். வைரங்களும், கடலடியில் திரட்டிய முத்துகளும் அதில் இருந்தன. அச்செல்வம் என்னவாயிற்று என்பதை வேர்ண் விவரமாகவே சொல்கின்றார்: அயோவா மாநிலத்தில் நிலம் வாங்கப்பட்டது, தீவின் ஆறுகளுக்கும் மலைகளுக்கும் இட்ட பெயர்கள் அங்கும் இடப்பட்டன, குடியேற்றம் செழித்தது. மிக அழகிய முத்து, அவர்களை மீட்டவரின் மனைவிக்குப் பரிசாயிற்று. மன்னார்க் கரைக்குப் பையுடன் திரும்பியவனை அதன்பின் கதை தேடிப் பார்க்கவில்லை.